பதினாலாம் நம்பர் தூங்குகிறது

ஜனவரி 9

அன்புள்ள ஆணிக்கு,

பட்டப்பெயரைப் பார்த்ததும் கடிதத்தைக் கிழித்துவிடாதே. அப்பாவின் மர மில்லில் கிடந்த ஆணியை எல்லாம் தேடித் தேடிக் காலில் ஏற்றிக்கொண்டு வந்தவன் நீ. ஊர் வைத்த பெயர், நான் என்ன செய்யட்டும்? உன் விலாசம் கிடைக்கவே மூன்று மாதமாயிற்று. நம் மில் லாரி டிரைவரின் மருமகன் உன் தொழிற்சாலையில்தான் வேலை பார்க்கிறானாம், அவன் கொடுத்தான். போன் நம்பரும் கொடுத்தான். "அக்கா கூப்பிட்டா வச்சிடுவேன்னு சொன்னார்" என்பதையும் சேர்த்தே கொடுத்தான். அதனால்தான் தாளும் பேனாவும்.

விஷயத்துக்கு வருகிறேன். நம் ஊர், ஊர் என்று காகிதத்தில் ஏறி, வருகிற மே மாதத்தோடு நூறு வருடம் ஆகிறது. மருந்துக்கடைக்காரர் தலைமையில் ஒரு கமிட்டி. ஊர் வரலாற்றை ஒரு மலராகப் போடுகிறார்கள். யார் எழுதுவது என்று பேச்சு வந்ததும் எல்லாத் தலையும் என் பக்கம் திரும்பியது. "இருபத்துநாலு வருஷம் டெலிபோன் எக்ஸ்சேஞ்ச்ல உட்கார்ந்து ஊர் பேசினதையெல்லாம் கேட்டவங்க நீங்கதானே" என்கிறார் மருந்துக்கடைக்காரர். பாராட்டுகிறாரா, ஒட்டுக் கேட்டவள் என்கிறாரா, இன்னும் பிடிபடவில்லை.

எழுத உட்கார்ந்தால் எல்லாம் அடித்துப் பிடித்துக்கொண்டு வருகிறது. அந்த எக்ஸ்சேஞ்ச் அறை உனக்கு நினைவிருக்கும். ஒரு ஜன்னல், ஒரு மின்விசிறி, நாற்பத்தாறு துளை போட்ட போர்டு. நாற்பத்தாறு இணைப்புக்கும் நம்பர் உண்டு, ஆனால் ஒருத்தராவது நம்பர் சொல்லிக் கேட்டிருப்பேனா? "டாக்டரைக் குடும்மா" என்பார்கள். "டாக்டர் வீட்ல இல்ல, லைப்ரரியில பேப்பர் படிச்சிட்டிருக்கார், அங்க குடுக்கறேன்" என்பேன். ஜன்னல் வழியாகப் பார்த்தாலே யார் எங்கே என்று தெரிந்துவிடும். தையல்காரர் கடையைப் பூட்டிவிட்டுப் போவதைப் பார்த்தால், அவருக்கு வருகிற போனுக்கு நானே பதில் சொல்லிவிடுவேன், மணி அடிக்கவே மாட்டேன்.

தூக்கப் பலகையைப் பற்றி மட்டும் ஒரு தனிப் பக்கம் எழுதப் போகிறேன். வேறு எந்த ஊரிலாவது அப்படி ஒன்று இருந்திருக்குமா சொல்லு. எதிர்வீட்டு பேக்கரி அக்கா விடியுமுன் எழுந்து மாவு பிசைகிறவர். மதியம் கண்ணை மூடினால் போன் அலறும். ஒருநாள் லைப்ரரியில் ஊர்க்கூட்டம் போட்டு, கையைத் தூக்கி முடிவு செய்தார்கள்: மதியம் இரண்டிலிருந்து நாலு வரை தூங்குகிறவர்கள் எக்ஸ்சேஞ்சில் சொல்லிவைத்தால், அந்த நம்பரைச் சிலேட்டில் எழுத வேண்டும், அங்கே மணி அடிக்கக் கூடாது. டாக்டர், பேக்கரி, தலைமையாசிரியை, ரயில்வே பெரியவர் என்று சிலேட்டு நிறைந்துவிட்டது. மில்லைக் கட்டி மேய்த்த நம் அப்பாவே கடைசிக் காலத்தில் நம் வீட்டுப் பதினாலாம் நம்பரை அதில் எழுதச் சொன்னார், பார்த்துக்கொள்.

உன்னிடம் கேட்பது ஒரே ஒரு பக்கம். பழைய மரப்பாலம் ஆற்றோடு போன அன்று நீயும் உன் கூட்டாளிகளும் கரையில் நின்று பார்த்தீர்கள் அல்லவா, அதை எழுது. மே மாதம் விழாவுக்கு வா. மலர் ஒரு சாக்குதான், மறைப்பானேன். அம்மா போனபோது உனக்கு ஐந்து வயது, எனக்குப் பன்னிரண்டு. உன்னைத் தூக்கி வளர்த்தவள் நான். இப்போது எனக்கு அறுபதாகிவிட்டது. இந்த வீட்டின் மனுஷர்கள் என்று மிச்சம் இருப்பது நாம் இரண்டு பேர்தான். நீ ஒரு தடவை இந்த வாசலில் வந்து நிற்க வேண்டும், எனக்கு அவ்வளவுதான்.

உன் அக்கா


ஜனவரி 27

அக்காவுக்கு,

வணக்கம். கடிதம் கிடைத்தது. கேட்டபடி பாலத்தைப் பற்றி ஒரு பக்கம் இணைத்திருக்கிறேன். பிழை இருந்தால் திருத்திக்கொள்ளவும். பெயர் போட வேண்டாம்.

விழாவுக்கு வருவதற்கில்லை. மே மாதம் இங்கே லேத் பிரிவில் இயந்திரங்களை எல்லாம் கழற்றிப் பூட்டுகிற வேலை இருக்கிறது. நான்தான் மேற்பார்வை. வேலை இல்லாவிட்டாலும் வருவதற்கில்லை. போன் நம்பரைக் கிழித்துப் போட்டுவிடவும். நம் வீட்டில் போன் பேசி முடிந்தது போதும்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளவும்.

தம்பி


பிப்ரவரி 5

அன்புள்ள தம்பிக்கு,

வணக்கமா? நான் என்ன உன் மேனேஜரா? "கொள்ளவும்", "போட்டுவிடவும்" என்று நோட்டீஸ் போர்டில் ஒட்டுவது மாதிரி எழுதியிருக்கிறாயே, கூச்சமாக இல்லை? சின்ன வயதில் என் முந்தானையில் மூக்கைத் துடைத்தவன்தானே நீ.

ஆனால் அந்தப் பாலத்துப் பக்கம்! ஐயோ, எத்தனை தடவை படித்தேன் தெரியுமா. பாலம் உடைந்து போகும்போது தபால்காரர் அக்கரையில் சைக்கிளோடு மாட்டிக்கொண்டதும், இரண்டு நாள் அவர் கரையில் நின்று விலாசங்களைக் கத்திக் கத்திப் படித்ததும், இந்தப் பக்கம் நின்றவர்கள் "பிரிச்சுப் படிச்சிடுங்க, பரவாயில்ல" என்று கத்தியதும் எனக்கே மறந்திருந்தது. நம் தெருக்காரர்கள் குரல்தான் அக்கரைக்கு எட்டியது என்று எழுதியிருக்கிறாய் பார், அதைப் படித்து அப்படிச் சிரித்தேன். மில் ரம்பத்தோடு போட்டி போட்டுப் பேசிப் பேசி, நம் தெருவில் ரகசியமே கத்தித்தானே சொல்வார்கள். மருந்துக்கடைக்காரரிடம் படித்துக் காட்டினேன். "யார் எழுதினது? நல்ல கை" என்றார். ஆணி என்றேன். வாயைப் பிளந்துவிட்டார்.

இவ்வளவையும் மனதில் வைத்துக்கொண்டா முப்பத்தொரு வருடம் எட்டிப் பார்க்காமல் இருந்தாய்?

சரி, கேட்டுவிடுகிறேன். அப்பாவுக்கும் உனக்கும் சண்டை, நான் இல்லையென்று சொல்லவில்லை. மில்லைப் பார்த்துக்கொள் என்றார் அவர், லேத் வேலைக்கு நகரத்துக்குப் போகிறேன் என்றாய் நீ. "இந்த வாசலைத் தாண்டினா திரும்பி வராதே" என்று அவர் சொன்னது தப்புதான். கோபத்தில் மனுஷன் ஆயிரம் சொல்வான். நீ போய் நாலு மாதத்தில் அவர் போய்விட்டார். வந்தாய், கூட்டத்தின் கடைசியில் மூன்றாம் மனுஷன் மாதிரி நின்றாய், என் முகத்தைக்கூடப் பார்க்காமல் மதிய பஸ்ஸில் ஏறிவிட்டாய். அந்த நாலு மாதத்தில் ஒரு போன், ஒரே ஒரு போன் செய்திருக்கக் கூடாதா? நான் போர்டு முன்னால்தானே உட்கார்ந்திருந்தேன். பிளக்கை எடுத்துச் செருகுவது என் கை. உனக்கும் அவருக்கும் நடுவில் இருந்தது அந்த ஒயர் மட்டும்தான்.

இதை எழுதக் கூடாது என்று நினைத்துத்தான் உட்கார்ந்தேன். எழுதிவிட்டேன். கிழிக்க மனசில்லை, அப்படியே போடுகிறேன்.

அக்கா


பிப்ரவரி 16

அக்கா,

நோட்டீஸ் மாதிரி எழுதினால் உனக்குப் பிடிக்கவில்லை. சரி, மனுஷன் மாதிரியே எழுதுகிறேன், தாங்கிக்கொள்.

ஒரு போன் செய்யவில்லையா நான்? மூன்று செய்தேன். செப்டம்பர் மாதம், மூன்று புதன்கிழமை, அடுத்தடுத்து. நீ உட்கார்ந்திருந்த அந்த போர்டுக்குத்தான் வந்தது.

தொழிற்சாலையில் இரண்டிலிருந்து மூன்று வரை சாப்பாட்டு இடைவேளை. புதன்கிழமை மட்டும் காவலாளி அறையில் இருந்த போனைத் தொழிலாளிகளுக்குக் கொடுப்பார்கள். சாப்பிடாமல் ஓடி வரிசையில் நிற்பேன். கையில் எண்ணெய்ப் பிசுக்கு, துடைத்தாலும் போகாது. என் முறை வந்ததும் டிரங்க் கால் பதிந்துவிட்டுச் சுவரில் சாய்ந்து நிற்பேன். அப்பாவிடம் முதல் வார்த்தை என்ன சொல்வது என்று ஒவ்வொரு வாரமும் ஒன்று யோசித்து வைத்திருப்பேன். முதல் வாரம் "நல்லா இருக்கேம்பா". இரண்டாவது வாரம் "மில் எப்படிப் போகுது". மூன்றாவது வாரத்துக்கு நான் யோசித்து வைத்திருந்ததை இப்போதுகூட எழுத வரவில்லை.

மூன்று தடவையும் இந்தப் பக்கத்து ஆபரேட்டர் பெண் சொன்னது ஒன்றுதான். "சாரி சார், அந்த ஊர்ல பதினாலாம் நம்பருக்குக் குடுக்க மாட்டேங்கறாங்க." கொடுக்க முடியாது என்று சொல்லவில்லை, கொடுக்க மாட்டேன் என்றார்களாம். யார் மாட்டேன் என்றது? வீட்டில் அப்பா சொல்லி வைத்திருக்கிறார், போர்டில் அக்கா அதைச் செய்கிறாள். அப்படித்தான் எனக்குப் புரிந்தது. வேறு எப்படிப் புரியும்? என்னைத் தூக்கி வளர்த்தவள் என் முகத்தில் கதவைச் சாத்தினாள் என்று முப்பத்தொரு வருடமாக நினைத்துக்கொண்டிருக்கிறேன். அதனால்தான் அன்றைக்கு உன் முகத்தைப் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் அழுதிருப்பேன், அல்லது கை நீட்டியிருப்பேன்.

நீ இப்போது "ஒரு போன் செய்திருக்கக் கூடாதா" என்று என்னையே கேட்கிறாய். நன்றாக இருக்கிறது நியாயம்.

தம்பி


மார்ச் 11

தம்பி,

உன் கடிதம் வந்து மூன்று வாரமாகிறது. இந்த மூன்று வாரமும் நான் சரியாகச் சாப்பிடவில்லை. என்ன நடந்தது என்று வரிசையாகச் சொல்லிவிடுகிறேன். படித்து முடித்த பிறகு என்னைத் திட்டு.

படித்ததும் எனக்கு வந்தது கோபம். பொய் சொல்கிறான், என் தம்பி போன் செய்து நான் கொடுக்காமல் இருப்பேனா என்று. எக்ஸ்சேஞ்சை மூடியபோது பழைய டிரங்க் கால் பதிவேடுகளைக் குப்பைக்குப் போட்டார்கள். மலருக்கு உதவுமே என்று நான் நாலு மூட்டை எடுத்து வைத்திருந்தேன். அந்த வருடத்து செப்டம்பரைத் தேடி எடுத்தேன். இருக்கிறது. மூன்று புதன்கிழமை, மூன்று வரி. இரண்டு முப்பத்தைந்து, இரண்டு இருபது, இரண்டு நாற்பது. உன் நகரத்திலிருந்து பதினாலாம் நம்பருக்கு. எதிரே கடைசிக் கட்டத்தில் "தூக்கம்" என்று எழுதியிருக்கிறது. மூன்றும் என் கையெழுத்து.

உன் ஊர்ப் பக்கத்து ஆபரேட்டர் பேர் சொல்ல மாட்டாள். "டிரங்க், பதினாலு" என்பாள், அவ்வளவுதான். அந்த நகரத்திலிருந்து மர வியாபாரிகள் நாளைக்கு ஐந்து தடவை அப்பாவைக் கூப்பிடுவார்கள். இதுவும் அவர்கள்தான் என்று நினைத்தேன். சிலேட்டைப் பார்த்தேன், பதினாலு இருந்தது. "இப்ப குடுக்க மாட்டோம், நாலு மணிக்கு மேல வாங்க" என்றேன். அந்த நாலு மணியை அவள் உன்னிடம் சொல்லவே இல்லை போலிருக்கிறது. சொல்லியிருந்தாலும் நாலு மணிக்கு உன்னால் முடியாது என்று எனக்கு எப்படித் தெரியும். அந்தப் பக்கம் நின்றது மர வியாபாரி இல்லை, என் தம்பி என்று எனக்கு எப்படித் தெரியும், நீயே சொல்லு.

இதோடு நின்றிருந்தால்கூடப் பரவாயில்லை. பதிவேட்டை மூடி வைத்துவிட்டு, மலருக்காக பேக்கரி அக்காவிடம் பேசப் போனேன். எண்பத்து மூன்று வயது. இன்னும் பல்லில்லாத வாயால் எல்லாரையும் வம்புக்கு இழுக்கிறார். தூக்கப் பலகையைப் பற்றிக் கேட்டேன். யார் யார் தூங்கினார்கள் என்று சிரித்துக்கொண்டே சொல்லி வந்தவர், "உங்கப்பா மட்டும் தூங்கவே இல்லம்மா" என்றார். எனக்குப் புரியவில்லை.

"மதியத்துல நான் படுக்கறதுக்கு முன்னால ரொட்டித் தட்டெல்லாம் கழுவி அடுக்குவேன். எதிர்ல உங்க வீட்டு ஜன்னல். உங்கப்பா போன் பக்கத்துல நாற்காலிய இழுத்துப் போட்டு உட்கார்ந்திருப்பாரு. மில் ரம்பத்தக்கூட நிறுத்தச் சொல்லிடுவாரு அந்த நேரத்துக்கு. ஒருநாள் கேட்டேன், என்னங்க, தூங்கறேன்னு பேரு குடுத்துட்டு முழிச்சிட்டு உட்கார்ந்திருக்கீங்கன்னு. அதுக்கு அவரு, பையனுக்கு ரெண்டுலேர்ந்து மூணு வரைக்கும் சாப்பாட்டு நேரமாம், லாரிக்காரர்கிட்ட விசாரிச்சேன், கூப்பிட்டா அப்பதான் கூப்பிடுவான். அந்த நேரம் பாத்து வியாபாரிங்க லைனைப் பிடிச்சுக்கிட்டா அவன் வந்துட்டுத் திரும்பிப் போயிடுவான்ல? அதான் தூக்கம்னு சொல்லி லைனைக் காலியா வச்சிருக்கேன். அவன் கூப்பிட்டா என் பொண்ணு குடுத்துடுவா, அவளுக்குத் தெரியாதான்னாரு."

பேக்கரி அக்கா என் கையைப் பிடித்து, "உனக்குத் தெரியாதா? ஊர்ல யார் எங்க இருக்காங்கன்னு உனக்குத் தெரியாதது ஏதாவது உண்டா?" என்றார்.

தெரியவில்லை, தம்பி. என் வீட்டில் நடந்ததுதான் தெரியவில்லை. தூங்கணும்னு அவர் சொன்னார், வயசாகிவிட்டது என்று நான் சந்தோஷமாக எழுதிக்கொண்டேன். உன் பெயரை வாய்விட்டுச் சொல்ல அவருக்கு ரோஷம். அவரிடம் இரண்டு கேள்வி கேட்க எனக்கு நேரமில்லை. நீ கூப்பிட்டாய், அவர் போன் பக்கத்திலேயே இருந்தார், நடுவில் நான் இருந்தேன். உங்கள் இரண்டு பேரையும் பேசவிடாமல் செய்தது நான்தான். அவர் மேல் கோபப்படாதே. என் மேல் எவ்வளவு வேண்டுமானாலும் படு. மன்னித்துவிடு என்று எழுதக்கூட எனக்குக் கை வரவில்லை.

அக்கா


ஏப்ரல் 6

தம்பிக்கு,

உன்னிடமிருந்து பதில் இல்லை. எதிர்பார்க்கவும் இல்லை என்று எழுதினால் அது பொய். தபால்காரரைத் தெருமுனையிலேயே மடக்கிக் கேட்கிறேன். அவர் இப்போது என்னைக் கண்டால் தூரத்திலிருந்தே தலையை ஆட்டிவிட்டுப் போகிறார்.

மலர் அச்சுக்குப் போகிறது, அதற்காக எழுதுகிறேன். தூக்கப் பலகையைப் பற்றிய பக்கத்தில், ஊர் சிரித்ததையும் எழுதினேன், செப்டம்பர் மாதத்து மூன்று வரியையும் எழுதினேன். பெயர் இல்லை, "ஒரு ஆபரேட்டர், அவள் தம்பி" என்று மட்டும். கமிட்டியில் படித்தேன். மருந்துக்கடைக்காரர் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே, "ஊர் மலர்ல சந்தோஷமா நாலு விஷயம் இருக்கட்டுமே, இது எதுக்குங்க" என்றார். எனக்கு வந்ததே கோபம். "ஊர் கூடி நல்லதுன்னு பண்ணின காரியம் இது. நானும் நல்லதுன்னுதான் பண்ணேன். சந்தோஷத்தை மட்டும் போட்டா அது வரலாறு இல்ல, கல்யாணப் பத்திரிகை. இந்தப் பக்கம் போகலைன்னா நான் எழுதின எதுவும் போகாது" என்று சொல்லிவிட்டு எழுந்து வந்துவிட்டேன். மறுநாள் அவரே வீட்டுக்கு வந்தார். தம்பி சம்மதித்தால் போடலாம் என்றார்.

அதனால் கேட்கிறேன். வேண்டாம் என்றால் வேண்டாம். ஒரே வார்த்தை எழுதிப் போடு, போதும். வேறு எதுவும் நான் கேட்கவில்லை. விழாவுக்கு வா என்றுகூடக் கேட்கவில்லை. வீட்டு முன்னறையை வெள்ளையடித்தேன், அது சும்மா, சுவர் அழுக்காக இருந்தது.

அக்கா


ஏப்ரல் 19

அக்கா,

இத்தனை நாள் பதில் போடாததற்கு உன் மேல் இருந்த கோபம் காரணமில்லை. உன் மார்ச் மாதத்துக் கடிதத்தைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டே வேலைக்குப் போய்வந்தேன். மடிப்பு கிழிந்துவிட்டது. உன்னிடம் சொல்ல எனக்கும் ஒன்று இருந்தது. பிப்ரவரியில் அவ்வளவு வீறாப்பாக எழுதியபோது அதை மட்டும் விட்டுவிட்டேன். என் மனைவிக்குக்கூடத் தெரியாது.

மூன்றாவது புதன்கிழமை அந்த ஆபரேட்டர் பெண்ணே பாவப்பட்டுக் கேட்டாள். "சார், மூணு வாரமா வர்றீங்க. அவசரம்னு சொன்னா அவங்க மணி அடிச்சே ஆகணும், அது சட்டம். அவசரம்னு சொல்லட்டுமா?" எனக்குப் பின்னால் பத்துப் பேர் நின்றிருந்தார்கள். அப்பா என்னோடு பேச மாட்டேன் என்கிறார், நான் அவசரம் என்று போய்க் காலில் விழுவதா என்று எனக்குள் எழுந்தது. "அவசரமெல்லாம் ஒண்ணுமில்ல, விடுங்க" என்று சொல்லிவிட்டு போனை வைத்தேன். அன்றைக்கு நான் சொல்ல வைத்திருந்த வார்த்தை "வரட்டுமாப்பா" என்பது.

ஒரு வார்த்தைதான். அதைச் சொல்லியிருந்தால் உன் சிலேட்டும் தடுத்திருக்காது, நீயும் தடுத்திருக்க மாட்டாய். அவர் ரோஷக்காரர், நான் அவர் பிள்ளை. நீ என்ன செய்வாய், பாவம், சிலேட்டில் இருந்தபடி செய்தவள். நீ மட்டும் குற்றவாளி என்று இனி ஒரு வரி எழுதினாயானால் எனக்கு நிஜமாகவே கோபம் வரும்.

அந்தப் பக்கத்தைப் போடச் சொல்லு. இதையும் சேர்த்துப் போடு. "ஒரு ஆபரேட்டர், அவள் தம்பி" என்பதை அடித்துவிட்டு, மில்காரர் மகள், மில்காரர் மகன் என்று எழுது, ஊருக்குத் தெரியட்டும்.

லேத் பிரிவு வேலையை இன்னொருத்தரிடம் ஒப்படைத்துவிட்டேன். மே வரைக்கும் காத்திருக்க முடியாது. வருகிற வெள்ளிக்கிழமை மதிய பஸ்ஸில் வருகிறேன். அப்பா அந்த நாற்காலியில் எந்தப் பக்கம் பார்த்து உட்கார்ந்திருப்பார், ரம்பத்தை யார் நிறுத்தினார்கள், கடைசி நாளும் உட்கார்ந்தாரா, எல்லாம் எனக்குத் தெரிய வேண்டும். பேக்கரி அக்காவிடமும் கேட்க வேண்டும்.

இதற்குப் பதில் எழுதாதே அக்கா. நான் வந்து கேட்டுக்கொள்கிறேன்.

உன் தம்பி